விரட்டிய அழுக்கும் விதைத்த அழுக்கும்: பண்டைய ஏதென்ஸின் அறுவடை விழாக்கள்

சாக்ரடீஸ் பிறந்தது தார்கேலியோன் மாதத்தின் ஆறாம் நாள் என்று டயோஜினீஸ் லேர்ஷியஸ் எழுதிவைத்திருக்கிறார். ஏதென்ஸ் மக்கள் தம் நகரைத் தூய்மைப்படுத்தும் நாள் அது என்றும் கூடவே சொல்கிறார். ஏழாம் நாள் அப்போலோவின் பிறந்தநாள். பிளேட்டோவை அந்த நாளில் பிறக்கவைத்துவிட்டார்கள். தத்துவஞானிகளுக்குப் பொருத்தமான பிறந்தநாள் தேடிக் கொடுப்பது பழங்கால வாழ்க்கை வரலாற்றாசிரியர்களின் பழக்கம் என்பதால் இந்தத் தேதிகளை அப்படியே நம்ப வேண்டியதில்லை. ஆனால் நகரம் தன்னைத் தூய்மைப்படுத்திக்கொண்ட நாள் என்ற செய்தி மெய்யானது. அந்த ஆறாம் நாளில் ஏதென்ஸ் இரண்டு மனிதர்களை எல்லைக்கு வெளியே விரட்டியது. ஏழாம் நாளில் புதுத் தானியத்தைப் பானையிலிட்டு அப்போலோவுக்குப் படைத்தது. இரண்டும் சேர்ந்ததுதான் தார்கேலியா என்ற விழா.

தீட்டுக் கழிப்பதும் புதுத் தானியம் படைப்பதும் ஏன் அடுத்தடுத்த நாட்களில் வருகின்றன? வரப்போகும் நன்மையை வரவேற்குமுன் வீட்டைக் கூட்டிப் பெருக்குகிறோம், அதுபோல என்பது வழக்கமான விடை. தவறில்லை, ஆனால் பாதிதான் சரி. அதே ஏதென்ஸ், ஐந்து மாதம் கழித்து விதைப்புக் காலத்தில் நேர்மாறான ஒன்றைச் செய்தது. அழுகிய பன்றி இறைச்சியைக் குழியிலிருந்து பக்தியோடு வெளியே எடுத்து, பலிபீடத்தில் வைத்து, விதையோடு கலந்தது. ஒரு விழாவில் அழுக்கு விரட்டப்பட்டது; இன்னொரு விழாவில் விதைக்கப்பட்டது. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்தால்தான் கிரேக்கர்கள் தூய்மை என்று எதை நினைத்தார்கள் என்பது பிடிபடும்.

மழையை ஒட்டிய நாட்காட்டி

ஏதென்ஸைச் சூழ்ந்த அட்டிகா வட்டாரம் மெலிந்த மண்ணும் குறைந்த மழையும் கொண்டது. அங்கே கோதுமையைவிடப் பார்லியே மிகுதியாக விளைந்தது. மத்தியதரைக் கடல் நாடுகளுக்கே உரிய முறையில், கோடையில் நிலம் காய்ந்து கிடக்கும். இலையுதிர்காலத்து முதல் மழைக்குப் பிறகு உழுது விதைப்பார்கள். குளிர்காலம் முழுதும் பயிர் வளர்ந்து, மே மாதத்தில் பார்லியும் அதைத் தொடர்ந்து கோதுமையும் அறுவடைக்கு வரும். பிறகு களத்தில் போரடித்துத் தூற்றிக் குதிரில் சேர்ப்பார்கள்.

ஏதென்ஸின் மாதங்கள் சந்திரனை வைத்துக் கணக்கிடப்பட்டவை. விதைப்பை ஒட்டி வரும் பியானோப்சியோன் நமது அக்டோபர்-நவம்பர். அறுவடையை ஒட்டி வரும் தார்கேலியோன் மே-ஜூன். இரு மாதங்களிலும் ஏழாம் நாள் அப்போலோவுக்கு உரியது. இரு நாளிலும் பல தானியமும் பருப்பும் கலந்து ஒரே பானையில் வேகவைத்தார்கள். விதைப்பு மாதத்தின் அந்த ஏழாம் நாள் விழாவான பியானோப்சியாவில் கம்பளி நூல் சுற்றிய ஆலிவ் கிளையில் அத்திப்பழம், ரொட்டி, தேன் கிண்ணம், எண்ணெய்க் குப்பி ஆகியவற்றைத் தொங்கவிட்டுச் சிறுவர்கள் பாடியபடி வீடு வீடாகச் சென்றார்கள். எய்ரெசியோனே எனப்படும் அந்தக் கிளை வாசற்கதவின் மேல் அடுத்த ஆண்டுவரை தொங்கும்.

விதைப்பில் ஒரு பானை, அறுவடையில் ஒரு பானை. இடைப்பட்ட மாதங்களில் விவசாயி தன் கையில் இல்லாத மழையையும் காற்றையும் பயிர் நோயையும் நம்பிக் காத்திருக்கிறான். தார்கேலியா வரும்போது பழைய தானியம் அடிமட்டத்துக்கு வந்திருக்கும். புதியது இன்னும் களஞ்சியம் சேர்ந்திருக்காது. நல்லது நடக்கவிருக்கிறது, ஆனால் நடந்து முடியவில்லை. தீட்டைக் கண்டு நகரம் மிகவும் அஞ்சியது இந்த இடைவெளியில்தான்.

அத்திப்பழ மாலை

ஆறாம் நாள் விரட்டப்பட்டவர்களை ஃபார்மகோஸ் என்று அழைத்தார்கள். ஆண்கள் சார்பில் ஒருவர், பெண்கள் சார்பில் ஒருவர். முன்னவர் கழுத்தில் கறுப்பு அத்திப்பழ மாலை, பின்னவர் கழுத்தில் வெள்ளை அத்திப்பழ மாலை. ஏழைகள், அழகற்றவர்கள், யாருக்கும் பயன்படாதவர்கள் என்று ஊர் கருதியவர்களே இதற்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார்கள். அரிஸ்டோஃபனீஸின் நாடகங்களில் இந்தச் சொல் பச்சையான வசையாகவே ஒலிக்கிறது.

சடங்கின் நுணுக்கங்கள் நமக்குப் பெரும்பாலும் ஏதென்ஸுக்கு வெளியிலிருந்து கிடைக்கின்றன. கி.மு. ஆறாம் நூற்றாண்டில் அயோனியாவில் வாழ்ந்த ஹிப்போனாக்ஸ் என்ற வசைகவியின் சிதறிய வரிகளில் ஃபார்மகோஸ் வருகிறார். பார்லி அடை, அத்திப்பழம், பாலாடைக்கட்டி ஆகியவற்றை அவர் கையில் கொடுக்கிறார்கள். அத்திக் கிளையாலும் கடல் வெங்காயத்தாலும் அடிக்கிறார்கள். மசாலியா நகரில் (இன்றைய மார்செய்) கொள்ளைநோய்க் காலத்தில் ஏழை ஒருவர் ஓராண்டு பொதுச் செலவில் உண்பிக்கப்பட்டு, புனித ஆடை உடுத்தப்பட்டு, ஊர் சுற்றிவரச் செய்யப்பட்டு, சாபங்களைச் சுமந்தபடி வெளியேற்றப்பட்டார். அப்டீராவில் மதிலைச் சுற்றி நடத்திவந்து எல்லைக்கு அப்பால் கல்லெறிந்து துரத்தினார்கள். லூக்காஸ் தீவில் குற்றவாளி ஒருவரை அப்போலோ விழாவின்போது குன்றின் உச்சியிலிருந்து கடலில் தள்ளினார்கள். விழும் வேகத்தைக் குறைக்க அவர் உடலில் இறகுகளையும் பறவைகளையும் கட்டியிருந்தார்கள் என்றும், கீழே சிறு படகுகள் காத்திருந்து அவரைத் தூக்கி எல்லைக்கு அப்பால் கொண்டுவிட்டன என்றும் ஸ்ட்ராபோ எழுதுகிறார்.

ஃபார்மகோஸ் கொல்லப்பட்டாரா? எரித்துச் சாம்பலைக் கடலில் தூவினார்கள் என்று சொல்பவர் கி.பி. 12ஆம் நூற்றாண்டின் பைசாந்தியப் புலவர் செட்செஸ். ஹிப்போனாக்ஸுக்கும் அவருக்கும் இடையே ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுக்கும் மேற்பட்ட இடைவெளி. யான் பிரெம்மர் 1983இல் வெளியிட்ட ஆய்வில் சான்றுகளைத் தரம்பிரித்து, புராணங்களில்தான் பலியாள் சாகிறார், சடங்கில் விரட்டப்படுகிறார் என்று வாதிட்டார். இன்னொரு வேறுபாட்டையும் அவர் கவனித்தார். கதைகளில் நாட்டுக்காக உயிர் கொடுப்பவர்கள் அரசர்களும் அரசகுமாரிகளும். ஏதென்ஸின் மன்னன் கோட்ரஸ் பிச்சைக்கார வேடத்தில் எதிரிப் பாசறைக்குச் சென்று தன்னைக் கொல்லவைத்துக்கொண்டான். சடங்கிலோ உண்மையான பிச்சைக்காரரே போதும். விலைமதிப்பற்றதைக் கொடுத்தோம் என்று கதை சொல்லும் ஊர், நடைமுறையில் மிக மலிவானதைக் கொடுத்துத் தப்பித்துக்கொள்கிறது.

விரட்டப்படுவது எது என்பதை மற்ற எந்தச் சான்றையும்விடத் தெளிவாகக் காட்டுவது எழுத்தாளர் புளூட்டார்க்கின் சொந்த ஊரான கைரோனியாவில் நடந்த ஒரு சடங்கு. அங்கே ஆண்டுதோறும் வீட்டுத் தலைவர்கள் தத்தம் வீட்டிலும், ஊர்த் தலைவர் பொது அடுப்பங்கரையிலும், ஓர் அடிமையை நொச்சி இனத்துச் செடியின் கழிகளால் அடித்து வாசலுக்கு வெளியே துரத்துவார்கள். பசி வெளியே போகட்டும், செல்வமும் நலமும் உள்ளே வரட்டும் என்பது அப்போது சொல்லும் வாசகத்தின் பொருள். அந்தச் சடங்கின் பெயரே பசி விரட்டல். ஊர்த் தலைவராக இருந்தபோது தானே இதைச் செய்ததாகப் புளூட்டார்க் பதிவுசெய்கிறார். பசியை விரட்ட வேண்டும். ஆனால் பசிக்குக் கையும் காலும் முதுகும் இல்லை. அடி வாங்க ஒரு முதுகு தேவைப்பட்டது. அது எப்போதும் அடிமையின் முதுகாகவோ ஏழையின் முதுகாகவோ இருந்தது.

ஏழாம் நாள் ஏதென்ஸின் முகம் மாறிவிடும். ஆண்களும் சிறுவர்களும் குழுப்பாடல் போட்டியில் இறங்குவார்கள். வென்ற குழுவின் புரவலர் முக்காலி ஒன்றை அப்போலோவின் கோயிலில் நிறுத்துவார். தத்தெடுத்த பிள்ளைகளை உறவுக்குழுவில் பதிவுசெய்வதற்கும் இந்த விழாவைப் பயன்படுத்தினார்கள். முந்தின நாள் இருவரை ஊருக்கு வெளியே தள்ளிய விழா, மறுநாள் புதியவர்களை உள்ளே சேர்த்துக்கொண்டது.

அம்மனைக் குளிப்பாட்டும் நாள்

தார்கேலியோன் மாதம் முடிவதற்குள் இன்னொரு தூய்மைச் சடங்கு. பிளைன்டேரியா அன்று அக்ரோபொலிஸில் இருந்த அத்தீனாவின் பழைய மரச்சிலையின் ஆடையணிகளைக் களைந்து, அதை மூடி மறைத்து, பிராக்சியெர்கிடாய் என்ற குடும்பத்தார் மறைவான சடங்குகளைச் செய்தார்கள். நகரின் காவல் தெய்வம் கண்ணுக்குத் தெரியாத நாள் என்பதால் முக்கியமான காரியம் எதையும் அன்று தொடங்கமாட்டார்கள். தளபதி ஆல்சிபியாடீஸ் பல ஆண்டு நாடுகடந்த வாழ்வுக்குப் பின் பிரேயஸ் துறைமுகத்தில் வந்திறங்கியது சரியாக இந்த நாளில்தான். வரவேற்பு ஆரவாரமாக இருந்தாலும் சகுனம் சரியில்லை என்று முணுமுணுத்தவர்கள் இருந்தார்கள் என்கிறார் செனஃபோன். ஏதென்ஸ்வாசிகளுக்கு இந்தத் தூய்மை விதிகள் வெறும் கோயில் விவகாரமாக இருக்கவில்லை என்பதற்கு இது ஒரு சான்று.

எருதின் வழக்கு

அடுத்த மாதம் களத்தில் போரடிக்கும் காலம். அக்ரோபொலிஸில் சீயுஸின் பலிபீடத்தில் பார்லியும் கோதுமையும் வைத்து எருதுகளைச் சுற்றிவரச் செய்வார்கள். எந்த எருது தானியத்தில் வாய் வைக்கிறதோ அது தெய்வத்தின் பங்கைத் தின்ற குற்றவாளி. ஒருவர் கோடரியால் அதை வீழ்த்திவிட்டு ஓடிவிடுவார்; இன்னொருவர் கத்தியால் அறுப்பார். பிறகு கொலைக்கு விசாரணை நடக்கும். தண்ணீர் கொண்டுவந்த பெண்கள் ஆயுதத்தைத் தீட்டியவர்களைக் காட்டுவார்கள், தீட்டியவர்கள் அதை எடுத்துக் கொடுத்தவரை, அவர் வெட்டியவரை, அவர் கத்தியை. கத்திக்குப் பேச்சு வராது. எனவே குற்றம் அதன்மேல் நிற்கும், அந்தக் கத்தி கடலில் எறியப்படும். இறைச்சியை எல்லோரும் பகிர்ந்து உண்பார்கள். எருதின் தோலில் வைக்கோல் திணித்துத் தைத்து, உயிரோடு இருப்பதுபோல் நிறுத்தி, ஏர்க்கலப்பையில் பூட்டுவார்கள்.

தியோஃபிராஸ்டஸின் எழுத்தை ஆதாரமாகக் கொண்டு போர்ஃபிரி விவரிக்கும் இந்த பூஃபோனியாச் சடங்கை வால்ட்டர் புர்கர்ட் 1972இல் வெளியிட்ட தன் புகழ்பெற்ற நூலில் விரிவாக ஆராய்ந்தார். உணவுக்காகக் கொல்ல நேர்வதன் குற்றவுணர்வை ஊரே சேர்ந்து அரங்கேற்றிக் கரைப்பது என்பது அவர் பார்வை. நம் கேள்விக்கு இதில் முக்கியமானது வேறொன்று. ஒரே சடங்கில் இரண்டு நகர்வுகள் உள்ளன. குற்றம் கத்தியோடு கடலுக்குப் போகிறது. கொல்லப்பட்ட எருது வயலுக்குத் திரும்பி வருகிறது. விரட்டலும் மீட்டலும் ஒன்றாகவே நடக்கின்றன.

குழியில் அழுகியது

மீட்டல் என்ற கருத்து முழுவீச்சில் வெளிப்படுவது தெஸ்மோஃபோரியாவில். தானியத் தெய்வம் டிமீட்டருக்கும், ஆண்டுதோறும் பூமிக்குள் சென்று திரும்பி வருவதாகக் கதை சொல்லும் அவள் மகள் பெர்செஃபோனிக்கும் உரிய விழா இது. கிரேக்க உலகெங்கும் கொண்டாடப்பட்டது. பெண்களுக்கு மட்டுமே உரியது. ஏதென்ஸில் பியானோப்சியோன் 11 முதல் 13 வரை மூன்று நாட்கள். குடிமக்களின் மனைவியர் வீட்டை விட்டுக் கிளம்பி, தாமே தலைவியரைத் தேர்ந்து, தனித்துத் தங்கினார்கள். செலவை வசதியுள்ள கணவர்கள் ஏற்றார்கள். நடுநாளில் உண்ணாநோன்பிருந்து தரையில் அமர்ந்தார்கள். படுக்கையில் காமத்தைத் தணிப்பதாக நம்பப்பட்ட அதே நொச்சி இனத்துச் செடியைப் பரப்பினார்கள். கைரோனியாவில் பசியை விரட்டிய கழி இங்கே நோன்பின் படுக்கையானது. ஒருவரையொருவர் கொச்சையாகக் கேலி பேசிக்கொள்வதும் சடங்கின் பகுதி. மூன்றாம் நாள் நல்ல மகப்பேற்றின் தெய்வத்துக்கு உரியது.

விழாவின் உள்மையம் லூசியனின் நூலுக்கு எழுதப்பட்ட ஒரு பழைய உரைக்குறிப்பில் இருக்கிறது. எர்வின் ரோடே 1870இல் அதை வெளியிட்டபோது ஆய்வுலகம் நிமிர்ந்து உட்கார்ந்தது. டிமீட்டரின் நிலவறைகளுக்குள் பன்றிக்குட்டிகளை எறிவார்கள். அவை அங்கே அழுகும். மூன்று நாள் தூய்மை காத்த பெண்கள் உள்ளே இறங்கி, பாம்புகளை விலக்கக் கைதட்டி ஒலியெழுப்பி, அழுகிய மிச்சத்தை அள்ளி மேலே கொண்டுவந்து பலிபீடத்தில் வைப்பார்கள். அதில் சிறிது எடுத்து விதையோடு கலந்து விதைத்தால் விளைச்சல் பெருகும் என்பது நம்பிக்கை. பன்றிக்குட்டிகளோடு மாவில் பிடித்த பாம்பு வடிவங்களும் ஆண்குறி வடிவங்களும் பைன் கிளைகளும் குழிக்குள் போயின. பன்றிகள் எப்போது எறியப்பட்டன என்பதில் ஆய்வாளர்கள் பிரிந்து நிற்கிறார்கள். கோடையில் வரும் ஸ்கிரா விழாவில் என்பார் சிலர். அப்படியானால் அவை சுமார் நான்கு மாதம் மண்ணுக்குள் கிடந்திருக்கும். முந்தைய ஆண்டின் விழாவிலேயே என்பார் வேறு சிலர்.

குறிப்பு காலத்தால் பிந்தியது, ஆனால் தனித்து நிற்கவில்லை. சார்லஸ் நியூட்டன் 1850களின் இறுதியில் சின்ன ஆசியாவின் கினிடோஸில் டிமீட்டர் கோயிலை அகழ்ந்தபோது நிலத்தடி அறை ஒன்றில் பன்றி எலும்புகளும் பளிங்கில் செதுக்கிய பன்றிகளும் கிடைத்தன. சிசிலி முதல் கொரிந்து வரை டிமீட்டர் கோயில்களில் பன்றிக்குட்டியை ஏந்திய பெண்களின் சுடுமண் உருவங்கள் கிடைக்கின்றன.

இதை வெறும் எரு தயாரிப்பு என்று சொல்லிவிட முடியாது. எருவின் இயல்பைக் கிரேக்க விவசாயி நன்றாகவே அறிவான். மனிதக் கழிவுக்கு முதலிடமும் பன்றிச் சாணத்துக்கு இரண்டாமிடமும் கொடுக்கும் தரவரிசை ஒன்றைத் தியோஃபிராஸ்டஸ் பதிவுசெய்திருக்கிறார். ஒடிசி காவியத்தில் வரும் ஆர்கோஸ் என்ற கிழட்டு நாய் படுத்துக் கிடப்பதும் வயலுக்குப் போகக் காத்திருக்கும் சாணக் குவியலின் மேல்தான். குழியிலிருந்து எடுத்த ஒரு கைப்பிடி, ஒரு வயலுக்கே உரமாகாது. ஆனால் அழுகலிலிருந்துதான் விளைச்சல் வருகிறது என்ற உழவனின் அன்றாட அறிவை அந்தக் கைப்பிடி பலிபீடத்துக்கு ஏற்றியது.

இதன் துணிச்சல் புரிய வேண்டுமென்றால், கிரேக்கச் சடங்குகளில் தீட்டைக் கழிக்கப் பயன்பட்ட விலங்கே பன்றிக்குட்டிதான் என்பதை நினைவில் கொள்ள வேண்டும். ஏதென்ஸின் மக்கள் மன்றம் கூடுமுன் பன்றிக்குட்டியைப் பலியிட்டு இடத்தைச் சுற்றிக் கொண்டுவந்து தூய்மைப்படுத்தினார்கள். கொலைத் தீட்டுப் பட்டவன்மேல் பன்றிக்குட்டியின் இரத்தத்தைத் தெளித்துக் கழுவினார்கள். இரத்தத்தை இரத்தத்தால் கழுவும் இந்தப் பழக்கத்தை ஹெராக்ளைட்டஸ் பரிகசித்திருக்கிறார். அப்படித் தீட்டை ஏற்ற எச்சங்களை யாரும் தொடமாட்டார்கள். முச்சந்திகளில் கொண்டுபோய் எறிவார்கள். தெஸ்மோஃபோரியாவில் மட்டும் இந்த விலங்கின் எச்சம் எறியப்படவில்லை. அது காத்துவைக்கப்பட்டது, தூய்மை காத்தவர்களால் தொடப்பட்டது, விதையாகத் திருப்பித் தரப்பட்டது.

அதே டிமீட்டரின் எலூசிஸ் கோயிலுக்கு விளைச்சலின் முதற்பங்கும் போயிற்று. கி.மு. ஐந்தாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஏதென்ஸ் இயற்றிய கல்வெட்டு ஆணை ஒன்று அளவைச் சொல்கிறது: பார்லியில் 600இல் ஒரு பங்குக்கும், கோதுமையில் 1200இல் ஒரு பங்குக்கும் குறையக் கூடாது. நேச நாடுகளும் கொடுக்க வேண்டும். மற்ற கிரேக்க நகரங்களைக் கட்டாயப்படுத்தாமல் அழைக்க வேண்டும். வந்த தானியத்தைச் சேமிக்க முன்னோர் முறைப்படி எலூசிஸில் மூன்று குழிகள் கட்டவும் அது உத்தரவிட்டது. அழுகலுக்கு ஒரு குழி, தானியத்துக்கு ஒரு குழி. இரண்டும் பூமிக்குள் சென்று திரும்பி வரும் மகளின் தாய்க்கே சொந்தம்.

ஆய்வாளர்கள் கண்டதும் விட்டதும்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் மன்ஹார்ட்டும் ஃபிரேசரும் இந்தச் சடங்குகளில் பயிரின் ஆவியைத் தேடினார்கள். ஃபார்மகோஸை அடிப்பது வளத்தைத் தூண்டும் மந்திரம் என்றார்கள். 1903இல் ஜேன் ஹாரிசன், ஒலிம்பஸ் கடவுளரின் பளபளப்புக்கு அடியில் அழுக்கும் பாம்பும் குழியும் நிறைந்த பழைய வழிபாட்டு அடுக்கு ஒன்று இருப்பதாகக் காட்டினார். ராபர்ட் பார்க்கர் 1983இல் தீட்டைப் பற்றி எழுதிய நூல், அதை மூடநம்பிக்கையின் மிச்சமாக அல்லாமல் சமூக ஒழுங்கின் மொழியாகப் படிக்கக் கற்றுக்கொடுத்தது. அப்படிப் படித்தால், விரட்டலும் விதைத்தலும் முரண்பட்ட இரண்டு பழக்கங்கள் அல்ல என்பது தெரிகிறது. அழுக்கு என்பது இடம் மாறிக் கிடக்கும் ஆற்றல். நகருக்குள் இருந்தால் ஆபத்து. மண்ணுக்குள் இருந்தால் வளம். எதை எங்கே வைப்பது என்று முடிவுசெய்வதே சடங்கின் வேலை.

ஆனால் அந்த முடிவு எல்லாருக்கும் ஒரேபோல் எடுக்கப்படவில்லை. எருது ஏர் பூட்டப்பட்டுத் திரும்பியது. பன்றிக்குட்டி விதையில் கலந்து திரும்பியது. கத்திக்குக்கூட ஒரு விசாரணை நடந்தது. ஜான்-பியர் வெர்னான் ஃபார்மகோஸை ஏதென்ஸின் இன்னொரு வெளியேற்ற முறையான ஓட்டுச்சில் வாக்கெடுப்போடு இணைத்துப் பார்த்தார்: ஒன்று நகரின் அடித்தட்டு மனிதனை அகற்றுகிறது, மற்றது அளவுக்கு மீறி உயர்ந்தவனை அகற்றுகிறது. இந்த ஒப்பீட்டில் ஒரு வேறுபாட்டையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். ஓட்டுச்சில்லால் வெளியேறிய பெரிய மனிதனின் சொத்து பறிமுதலாகவில்லை. 10 ஆண்டு கழித்து உரிமைகளோடு ஊர் திரும்பலாம். அத்திப்பழ மாலையோடு அனுப்பப்பட்டவனுக்கு அப்படி எந்தக் கெடுவும் குறிக்கப்படவில்லை.

எதுவும் முற்றிலும் வீணல்ல, அழுகியதும் திரும்ப விளையும் என்பதை ஏதென்ஸ் தன் வயலில் கற்றுக்கொண்டு, அதைத் தன் பெண்களின் கையில் ஒப்படைத்துப் புனிதமாகக் காத்தது. தெருவில் நின்ற ஏழையை அது அந்தக் கணக்கில் சேர்க்கவில்லை. புதுத் தானியப் பானை கொதித்த விழாவில் அவனுக்குக் கிடைத்தது முந்தின நாளின் அடை மட்டுமே. அறுவடை விழாக்களை வளத்தின் கொண்டாட்டமாக மட்டும் படிக்கும்போது நழுவிப்போவது இதுதான்: விளைச்சலில் யாருக்குப் பங்கு உண்டு என்பதை மட்டுமல்லாமல், யாருக்குப் பங்கு இல்லை என்பதையும் ஆண்டுதோறும் ஊரறிய அறிவிக்கும் நாட்களாகவும் அவை இருந்தன.